பென்சிலால் நிமிர்த்திய பாலம்

ஜனவரி 9

தம்பிக்கு,

ஒன்பது வருடங்களாக நான் உனக்கு எழுதவில்லை. இப்போதும் பாசம் பொங்கி எழுதவில்லை. காரியம் இருக்கிறது, எழுதுகிறேன்.

முதலில், உன் அட்டை வந்தது. ஒவ்வொரு ஜனவரியும் வருவதுபோல உன் அத்தான் பெயருக்கு ஒரு தபால் அட்டை. அதில் 46 என்று ஓர் எண். கீழே கையெழுத்துக்கூட இல்லை. புத்தாண்டு வாழ்த்து என்று இரண்டு சொல் எழுத உனக்குக் கை வலிக்கிறதா? அவர் அதை வாங்கிப் பார்த்துவிட்டு, பிஸ்கட் டப்பாவில் போட்டு மூடிவிடுகிறார். போன வருடம் நான் அதைக் குப்பைக்கூடையில் எறிந்தேன். கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அன்றைக்குத்தான் அவர் குரலை உயர்த்தினார். "அதை எடு" என்றார். எடுத்துக் கொடுத்தேன். நீங்கள் இருவரும் என்ன விளையாட்டு ஆடுகிறீர்களோ, எனக்குத் தெரிய வேண்டாம்.

உன் மருமகனுக்கு உத்தரவு வந்துவிட்டது. வடக்கு எல்லை. ஆற்றுக்கு அந்தப் பக்கம் பள்ளத்தாக்கில் நிற்கும் படைக்குப் போகிறான். வருகிற வியாழக்கிழமை பாலத்தைக் கடக்கிறான். எந்தப் பாலம் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. நீ பென்சிலால் நிமிர்த்தி வைத்தாயே, அதே பாலம்.

மறந்திருந்தால் நினைவுபடுத்துகிறேன். எல்லைத் திட்டத்தைப் புதுப்பிக்கும் முன் படைக் கல்லூரியில் வருடாவருடம் மூன்று நாள் மணல் மேசையில் ஒரு போர் நடத்திப் பார்ப்பார்கள். நீலம் நம்முடையது. சிவப்பு எதிரி. சிவப்புக்கு எப்போதும் உன் அத்தான்தான். அந்த வருடம் பாலங்களுக்கும் சாலைகளுக்கும் நடுவர் நீ. அத்தான் பாலத்தின்மேல் ஒரு குண்டுகூடப் போடவில்லை. மேலே காட்டில் வெட்டி அடுக்கியிருந்த மரங்களை ஆற்றில் உருட்டிவிட்டார். முதல் நாள் காலை பத்து மணிக்கே கதை முடிந்திருக்க வேண்டும். நீ திரைக்குப் பின்னால் போய்ப் பகடையை உருட்டினாய். நான்கோ அதற்கு மேலோ விழுந்தால் பாலம் போகும். நீ வெளியே வந்து "மூணு" என்றாய். 'சிறு சேதம், ஆறு மணி நேரத்தில் சரிசெய்யலாம்' என்று பென்சிலால் எழுதினாய்.

நான் வரைபடத் தாள்களோடு சுவரோரம் நின்றிருந்தேன். உன் இடது காது சிவந்திருந்தது. ஆறு வயதிலிருந்து அந்தக் காதை எனக்குத் தெரியும்.

மூன்றாம் நாள் அமைச்சர் வந்தார். நீலம் வென்றது. அந்தப் பாலம் எப்படியும் ஆறு நாள் தாங்கும், இரண்டாவது வழி தேவையில்லை என்று திட்டத்தில் எழுதிவிட்டார்கள். அத்தான் மறுப்புச் சொல்லாமல் அறிக்கையில் கையெழுத்திட்டார். இரண்டு வருடத்தில் கர்னலாகவே ஓய்வு பெற்றார்.

நீ இப்போது தலைமையகத்தில் இருக்கிறாய். அன்றைய தீர்ப்பு தவறு என்று ஒரே ஒரு பக்கம் எழுதிக் கொடு. திட்டத்தைத் திரும்பப் பார்ப்பார்கள். ஆற்றைக் கடக்க இன்னொரு வழி வைப்பார்கள். அந்தக் கரையில் ஆயிரத்து நூறு பேர் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவன் நீ தோளில் தூக்கித் திரிந்தவன்.

அக்கா

ஜனவரி 21

மதிப்பிற்குரிய அக்காவுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. இங்கே அனைவரும் நலம். மருமகனுக்கு என் ஆசிகளைத் தெரிவிக்கவும்.

நீங்கள் எழுதிய விஷயத்தைப் பற்றித் தபாலில் எழுத எனக்கு அனுமதி இல்லை. உங்களுக்கும் இல்லை. வரைபடப் பிரிவின் தலைமை வரைவாளருக்கு இதை நான் சொல்லித் தர வேண்டியதில்லை. நடுவர் தீர்ப்பு முடிந்துபோன ஒன்று. அறிக்கையில் எல்லோரும் கையெழுத்திட்டார்கள், அத்தானும்தான்.

இதற்குக் கீழே மூன்று வரி எழுதி அடித்திருக்கிறேன். அடித்தல் தெரிய அனுப்புவதற்கு மன்னிக்கவும். வேறு தாள் எடுத்தால் இந்தக் கடிதத்தையே எழுதாமல் விட்டுவிடுவேன் என்று பயமாக இருக்கிறது.

அட்டையை அத்தான் பார்த்தார் என்று எழுதியிருந்தீர்கள். அது போதும்.

தம்பி

பிப்ரவரி 2

தம்பிக்கு,

எப்போதிருந்து நான் உனக்கு 'நீங்கள்' ஆனேன்? உன் மூக்கைத் துடைத்துப் பள்ளிக்கு அனுப்பியவளை 'நீ, வா, போ' என்றுதான் கூப்பிட்டிருக்கிறாய். மரியாதை வந்தால் பொய் வரப்போகிறது என்று பொருள்.

அடித்த மூன்று வரியையும் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். முப்பது வருடமாக மங்கிப்போன கோடுகளைப் படிப்பதுதான் என் பிழைப்பு. 'கிடங்கு' என்ற ஒரு சொல் மட்டும் தெரிந்தது. பாலத்தைக் கேட்டால் கிடங்கைப் பற்றி எழுதி அடிக்கிறாய்.

உன் அத்தான் எதிரியாக இருந்தது எப்படி என்று உனக்கு முழுக்கத் தெரியாது. நீ மேசையைத்தான் பார்த்தாய், நான் வீட்டைப் பார்த்தேன். பயிற்சிக்கு மூன்று மாதம் முன்பே அவர் மாறத் தொடங்கிவிடுவார். அவர்கள் மொழியை ஓர் இலக்கணப் புத்தகத்தை வைத்துக்கொண்டு தானே கற்றார். அவர்கள் செய்தித்தாள், அவர்கள் ரயில் அட்டவணை, அவர்கள் தளபதிகள் எழுதிய சலிப்பூட்டும் கட்டுரைகள், எல்லாம் எங்கள் சாப்பாட்டு மேசையில் கிடக்கும். "எங்க தலைநகர்ல இன்னைக்கு மழையாம்" என்பார். எங்க என்றால் அவர்களுடையது. "எதிரிக்கு இன்னொரு கரண்டி வைக்கட்டுமா?" என்று நான் கேட்பேன். "வை. தோக்கப்போற நாடா இருந்தாலும் சமையல் நல்லாத்தான் இருக்கு" என்பார். பையனிடம் பள்ளியில் அப்பா என்ன வேலை பார்க்கிறார் என்று கேட்டதற்கு, "எதிரி" என்று சொல்லியிருக்கிறான். ஆசிரியை என்னை நேரில் வரச் சொல்லி எழுதி அனுப்பினாள்.

நாட்டுக்காகச் சாக ஆயிரம் பேர் கிடைப்பார்கள். நாட்டுக்காக எதிரியாக உட்கார்ந்து, நிஜமாகவே ஜெயிக்கப் பார்க்கிற மனிதர் இவர் ஒருவர்தான் கிடைத்தார். ஏழு வருடம் ஆடினார், ஏழு வருடமும் ஜெயித்தார். ஒவ்வொரு முறையும் திட்டத்தில் ஓர் ஓட்டை தெரிந்தது. ஒரு வருடம் தொலைபேசிக் கம்பி, இன்னொரு வருடம் மருத்துவமனை. அடைத்தார்கள். அவரைக் கட்டிக்கொண்டதில் எனக்கு இருந்த கர்வம் ஊருக்கே தெரியும். எட்டாவது வருடம் நீ வந்தாய். மேலே ஏறப் பொய் சொன்னாய், அப்படியும் ஏறவில்லை. பத்து வருடமாக அதே மேஜர்.

உன்னைக்கூட மன்னித்துவிடுவேன். அவர் ஏன் கையெழுத்திட்டார் என்பதைத்தான் என்னால் விழுங்க முடியவில்லை. கேட்டால், "நடுவர் சொன்னா சொன்னதுதான்" என்கிறார்.

நேற்றும் கேட்டேன். "பையன் அங்க போயிருக்கான். உங்களுக்கு ஒண்ணும் தோணலையா?"

"திரும்பி வருவான்."

"எப்படி வருவான்?"

"நடந்து."

இந்த மனிதரோடு நான் என்ன செய்வது? அந்த ஒரு பக்கத்தை எழுது.

அக்கா

பிப்ரவரி 20

அன்புள்ள அக்கா,

சரி, நீதான். 'நீங்கள்' எழுதும்போது எனக்கே கூசியது.

அந்தப் பக்கத்தை நான் எழுத மாட்டேன். எழுதினால் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். ஒரு குழு போடுவார்கள். குழுவுக்கு ஒரு தலைவர், தலைவருக்கு ஓர் அறை, அறைக்கு ஒரு மேசை என்று இரண்டு வருடம் ஓடும். மருமகன் அங்கே இருப்பது இந்த வசந்த காலத்தில். நீ என்னைக் கோழை என்று நினைக்கிறாய். ஒரு நாள் கோழையாகத்தான் இருந்தேன். அதை மறுக்கவில்லை.

மேஜராகவே இருக்கிறேன் என்பதும் உண்மை. தளவாடக் கிடங்குகளைப் பார்வையிடுவது என் வேலை. யாருக்கும் வேண்டாத பொருட்களை, யாரும் போகாத இடங்களில் காவல் காக்கிறேன். அலுப்பான வேலை. உனக்குச் சிரிப்பு வரட்டும் என்று ஒன்று சொல்கிறேன். வடக்கே ஒரு பழைய கிடங்குக்குப் புதிதாக ஓர் அதிகாரி வந்திருக்கிறார். பயங்கரச் சுத்தக்காரர், ஒரு ஆணி இடம் மாறி இருந்தாலும் தூக்கம் வராது. போன வாரம் இருவரும் போனோம்.

"இதெல்லாம் இங்க எதுக்கு மேஜர்?"

"வெள்ள நிவாரணம் சார்."

"இங்க எப்ப வெள்ளம் வந்துச்சு?"

"இன்னும் வரலை சார். அதனாலதான் இன்னும் இருக்கு."

அவர் சிரிக்கவில்லை. ஏப்ரல் மாதத்துக்குள் எல்லாவற்றையும் தலைமைக் கிடங்குக்கு அனுப்பச் சொல்லிவிட்டார். எழுத்தில் கண்டனமும் கொடுத்தார், எனக்கு இது இரண்டாவது. லாரி இல்லை, படிவம் இல்லை, ஓட்டுநருக்குக் காய்ச்சல் என்று நாளைக் கடத்துகிறேன். எத்தனை நாள் முடியும் என்று தெரியவில்லை.

இந்தக் கிடங்குக் கதையை அத்தானுக்குப் படித்துக் காட்டு. அவருக்குப் பிடிக்கும்.

இன்னொன்று. அத்தானைப் பற்றி நீ எழுதியதை நான்கு தடவை படித்தேன். நான் கல்லூரியில் படித்ததெல்லாம் மறந்துவிட்டது. போரைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அந்த மூன்று நாளில் அவர் ஆட்டத்தைப் பார்த்துத் தெரிந்துகொண்டதுதான்.

தம்பி

மார்ச் 28

தம்பிக்கு,

உன் கிடங்குக் கதையைப் படித்துக் காட்டினேன். உன் அத்தான் சிரிக்கவில்லை. "ஏப்ரல் மாசத்துக்குள்ளயா? நல்லாப் பாத்துச் சொல்லு" என்று அந்த வரியை இரண்டு தடவை படிக்கச் சொன்னார். பிறகு எழுந்து அறையில் நடந்தார். மறுநாள் காலை தானே கடைக்குப் போய் ஓர் அட்டை வாங்கி, உனக்கு எழுதி, தானே பெட்டியில் போட்டுவிட்டு வந்தார். எனக்குக் காட்டவில்லை. இந்த வீட்டிலிருந்து எனக்குத் தெரியாமல் ஒரு தபால் போனது இதுதான் முதல் தடவை. துருப்பிடித்த சாமான்களுக்காக உங்கள் இருவருக்கும் இவ்வளவு கவலை. பெற்ற பிள்ளைக்காக யாருக்கும் இல்லை.

அவனிடமிருந்து கடிதம் வந்தது. அக்கரைக் குன்றுகளில் எதிரியின் ஆட்கள் கூடிக்கொண்டே போகிறார்களாம். கடைசி வரியை அப்படியே எழுதுகிறேன்: "மேல காட்டுல மரம் வெட்டுற சத்தம் பகல் முழுக்கக் கேக்குதும்மா. வீடு கட்டுறாங்க போலிருக்கு."

வீடு கட்டவில்லை என்று எனக்குத் தெரியும். உனக்கும் தெரியும். அந்த மரங்களை நான் மணல் மேசைமேல் பார்த்திருக்கிறேன். தீக்குச்சிகள். உன் அத்தான் ஒவ்வொன்றாக எண்ணி ஆற்றில் வைத்தார்.

வெட்கத்தை விட்டு என் மேலதிகாரியிடம் போய்ச் சொன்னேன். "அம்மா, நீங்க வரைபடத்தைப் பாருங்க, போரை மத்தவங்க பாத்துப்பாங்க" என்றார். நான் வரைந்த ஆற்றில்தான் என் மகன் நிற்கிறான் என்று அவரிடம் சொல்லவில்லை.

அவனுக்கு ஏதாவது ஆனால் என் வாசலை மிதிக்காதே.

அக்கா

ஏப்ரல் 6

அக்கா,

நேற்றுக் காலை பாலம் போய்விட்டது. மரங்கள். வானொலியில் வரும் முன் உனக்குத் தெரிய வேண்டும் என்று ஒரு நண்பர் கையில் இதைக் கொடுத்து அனுப்புகிறேன்.

மருமகனைப் பற்றி இன்னும் செய்தி இல்லை. பொய் சொல்ல மாட்டேன்.

அத்தானிடம் ஒரே ஒரு சொல் சொல்: நாற்பத்தாறு.

தம்பி

ஏப்ரல் 24

தம்பிக்கு,

பிள்ளை வந்துவிட்டான். ஞாயிற்றுக்கிழமை காலை, வலது கையில் கட்டோடு. வேறு ஒன்றும் இல்லை. மெலிந்திருக்கிறான். இதை முதல் வரியில் எழுதிவிட்டுத்தான் பேனாவைக் கீழே வைத்தேன். இது இரண்டாவது நாள் எழுதுவது.

உன் நண்பர் வந்த அன்று நான் அறைக்குள் போய், "நாப்பத்தாறாம்" என்றேன். உன் அத்தான் நாற்காலியில் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு, "ஒரு டீ குடு. சர்க்கரை போட்டு" என்றார். டாக்டர் சர்க்கரையை நிறுத்தி ஐந்து வருடமாகிறது. நான் போட்டுக் கொடுத்தேன். ஏன் என்று கேட்கும் தெம்பு எனக்கு இல்லை.

பையன் சொன்னதை அவன் சொன்னபடியே எழுதுகிறேன். பாலம் போன பிறகு நான்கு நாள். பின்னால் ஆறு, முன்னால் குண்டு. ஐந்தாம் நாள் காலை ஓர் உத்தரவு வந்தது. ஆற்றோடு ஏழு கிலோமீட்டர் கீழே போய் வளைவில் நில்லுங்கள். போனார்கள். இக்கரையில் லாரிகள் நின்றன. தண்ணீரில் ஒன்றோடொன்று கோத்தபடி மிதவைகள் வந்துகொண்டிருந்தன. ஆயிரத்து நூறு பேரும் அன்று மாலைக்குள் கடந்தார்கள். காயத்தோடு தூக்குப் படுக்கையில் வந்தவர்கள் நாற்பது பேர்.

"நடந்தே வந்தேம்மா. பயத்துல காலடியில இருந்ததை எண்ணிக்கிட்டே வந்தேன். நாப்பத்தாறு மிதவை. ஒவ்வொண்ணும் ரெண்டரை மீட்டர் இருக்கும்."

நான் எழுந்து போய் பிஸ்கட் டப்பாவைக் கொண்டுவந்து மேசைமேல் கவிழ்த்தேன். பத்து அட்டைகள். ஒன்பதில் 46. ஒன்றில் 43. அடுத்த நாள் அலுவலகத்தில் அந்த ஆற்றின் வரைபடத் தாளை விரித்து, கவராயம் வைத்து வளைவை அளந்தேன். நூற்றுப் பத்து மீட்டர். நாற்பத்தாறு மிதவை நூற்றுப் பதினைந்து மீட்டர் வரும், போதும். நாற்பத்துமூன்று என்றால் நூற்று ஏழரை. இரண்டரை மீட்டர் தண்ணீர் மிஞ்சும். 43 என்ற அட்டை வந்த வருடம் இவர் இரண்டு மாதம் சரியாகச் சாப்பிடவில்லை. நான் வயிற்றுப்புண் என்று நினைத்து டாக்டரிடம் இழுத்துக்கொண்டு போனேன். மார்ச்சில் உன் இன்னொரு அட்டை வந்ததும் பசி எடுத்துவிட்டது. மருந்து வேலை செய்தது என்று டாக்டருக்கு நன்றி வேறு சொன்னேன்.

ஒன்றுதான் எனக்குப் புரியவில்லை. என் தாளில் அந்த வளைவின் கரை சதுப்பு. நானே என் கையால் போட்ட குறிகள். சதுப்பில் லாரி எப்படி நின்றது?

பத்திரிகைகள் தலைமையகத்தின் தொலைநோக்கைப் பாராட்டுகின்றன. உன் அத்தான் அதைப் படித்துவிட்டு மடித்து வைத்தார். நான் கேட்டதற்கு, "உன் தம்பியக் கேளு. அதைச் சொல்ல வேண்டியவன் அவன்" என்கிறார். வளைவின் படமே பத்திரிகையில் வந்துவிட்டது. இனி உனக்குச் சாக்கு இல்லை. எழுது.

அக்கா

மே 10

அன்புள்ள அக்கா,

பகடையில் விழுந்தது ஆறு.

அன்று காலை தாழ்வாரத்தில் பயிற்சித் தலைவர் என்னைப் பார்த்தார். "மூணாம் நாள் அமைச்சர் வர்றார். முதல் நாளே போர் முடிஞ்சுட்டா அவருக்கு எதைக் காட்டுறது?" என்றார். அவ்வளவுதான். பொய் சொல் என்று அவர் சொல்லவில்லை. கவலையைச் சொன்னார், பொய்யை நானே செய்துகொண்டேன். பாலத்தை நிமிர்த்திய பென்சில் என்னுடையது, வேறு யாருடையதும் இல்லை.

மாலை ஐந்து மணிக்குப் படிப்பறையில் தனியாக உட்கார்ந்திருந்தேன். அத்தான் கையில் சிவப்புப் பட்டையோடு உள்ளே வந்தார்.

"என்ன விழுந்துச்சு?"

"மூணு."

என் காதைப் பார்த்தார். "உங்கக்கா சொன்னது சரிதான். செவக்குது."

"ஆறு, அத்தான்."

"ஆறா? பரவாயில்லையே" என்று சந்தோஷப்பட்டார். நாளைக்கே எல்லார் முன்னாலும் சொல்லிவிடுகிறேன் என்றேன். உட்காரச் சொன்னார்.

"நான் ஜெயிச்சா என்ன ஆகும்? கம்பி, ஆஸ்பத்திரி மாதிரி சின்ன ஓட்டை இல்லை, மொத்தத் திட்டமே தப்புன்னு ஆகும். தப்புன்னு ஒத்துக்க மனசு வராது, குழு போடுவாங்க. நாலு வருஷம் கழிச்சு, ரெண்டாவது வழி எங்க வைக்கலாம்னு பத்திரிகையில வரும். எதிரி படிப்பான். நான்தானே எதிரி, நான் ஒரு வரி விடாம படிப்பேன். தோத்துட்டேன்னு வை, அந்த ஆத்தை யாரும் திரும்பிப் பாக்க மாட்டாங்க. நம்மாளும் பாக்க மாட்டான், அவனும் பாக்க மாட்டான். நீ அடுத்த மாசம் தளவாடப் பிரிவுக்குப் போறே. எனக்கு நாப்பத்தாறு மிதவை வேணும், இந்த வளைவுல."

அவர் விரல் வைத்த வரைபடத் தாளைப் பார்த்தேன். "இது சதுப்பு, அத்தான்."

"தாள்ல."

"யார் சொன்னா?"

"சொன்னவங்களுக்கே மறந்திருக்கும். பேரை வெளிய விட மாட்டேன், அவங்க வேலைக்கு ஆபத்து."

இன்று வரை எனக்கு அந்தப் பெயர் தெரியாது. நேரில் போய்க் குதித்துப் பார்த்தேன், கூழாங்கல் தரை. பக்கத்திலேயே வெள்ள நிவாரணத்துக்கு என்று ஒரு பழைய கிடங்கு. அதை நிரப்ப எனக்கு அதிகாரம் இருந்தது. ஏன் நிரப்பினேன் என்று சொல்லத்தான் வாய் இல்லை. ஒவ்வொரு வருடமும் யாராவது ஒருவர் அதைக் காலி செய்யப் பார்த்தார்கள். ஒரு தடவை மூன்றை எடுத்துக்கொண்டு போயே விட்டார்கள். அதைத் திரும்பக் கொண்டுவந்ததில் முதல் கண்டனம்.

உன்னிடம் சொல்லலாமா என்று அன்றே கேட்டேன். "அவ வரைபடப் பிரிவுல இருக்கா. யாராவது கேட்டா அவளுக்குப் பொய் சொல்ல வராது. உனக்காவது காது மட்டும் செவக்கும், அவளுக்கு மொத்த முகமும் செவக்கும்" என்றார். பிறகு போய் அறிக்கையில் கையெழுத்திட்டார். ஏழு வருடம் தோற்காதவர், அக்கா. தோற்றேன் என்று தன் பெயரை எழுதினார். நான் பார்த்துக்கொண்டிருந்தேன். கையெழுத்தின் கீழே ஒரு கோடு போடுவாரே, அதையும் போட்டார். என் கோழைத்தனத்தை எடுத்து அவர் ஒரு திட்டமாக மாற்றிவிட்டார். நான் மேஜராகவே இருந்ததற்கு வருத்தப்பட்ட நாள் ஒன்றுகூட இல்லை.

பிப்ரவரியில் அவர் எனக்கு எழுதிய அட்டையை உனக்குக் காட்டவில்லை என்று எழுதியிருந்தாய். ஒரே வரி: 'எதிரி இன்னும் கிளம்பவில்லை, நீயும் கிளம்பாதே.' எனவே ஓட்டுநருக்கு மறுபடியும் காய்ச்சல் வரவழைத்தேன்.

அந்தச் சுத்தக்கார அதிகாரியையும் சொல்ல வேண்டும். பாலம் போனதும் அவருக்குத் தொலைபேசியில் பேசினேன். "இங்க எப்ப வெள்ளம் வந்துச்சுன்னு கேட்டேன்ல மேஜர்" என்றார். அனுமதி வர நான்கு நாள் ஆனது. அந்த நான்கு நாளும் மிதவைகளைத் துடைத்து, வரிசையாக எண் போட்டு, கோக்க வேண்டிய கம்பிகளைப் பக்கத்தில் வைத்திருந்தார். உத்தரவு வந்த அன்று இடுப்பளவு தண்ணீரில் நின்றார். அவர் சுத்தம் இல்லாவிட்டால் மாலைக்குள் முடிந்திருக்காது.

வாசலை மிதிக்காதே என்று எழுதியிருந்தாய். அது இன்னும் நடப்பில் இருக்கிறதா?

தம்பி

ஜூன் 11

தம்பிக்கு,

உன் கடிதத்தைச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து அவர் எதிரிலேயே படித்தேன். 'சொன்னவங்களுக்கே மறந்திருக்கும்' என்ற இடத்தில் நிறுத்தினேன். நிமிர்ந்தேன். அவர் செய்தித்தாளைத் தூக்கி முகத்தை மறைத்துக்கொண்டார்.

அது நான்தான்.

நீ நடுவராக வந்த வருடம், பயிற்சிக்கு இரண்டு மாதம் முன்பு. நான் பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தேன். "இந்த வளைவுல சதுப்புன்னு போட்டிருக்கியே, நிஜமாவே சதுப்பா?" என்றார். எதிரிக்குத் தெரியாத விஷயம் எதுவும் எங்கள் வீட்டில் இருந்ததில்லை, எனவே யோசிக்காமல் சொன்னேன். அளக்கப் போன வருடம் கீழே மலை சரிந்து ஆறு தேங்கியிருந்தது, அளந்தவர் கண்ணால் பார்த்ததைக் குறித்துக் கொடுத்தார், அடுத்த வருடம் அடைப்பு நீங்கி அது கூழாங்கல் தரை ஆகிவிட்டதென்று அவரே என்னிடம் சொன்னார், ஆனால் கள ஏட்டில் உள்ளதைத்தான் வரைய வேண்டும் என்பது விதி, வரைந்தேன். "ஓ" என்றார். நான் அடுத்த பீன்ஸை எடுத்தேன். விதிப்படி நான் போட்ட ஒரு பிழைக்குப் பின்னால் என் மகன் நடந்து வரப் போகிறான் என்று எனக்கு எப்படித் தெரியும்?

செய்தித்தாளை விலக்கி, "ஏன் என்கிட்ட சொல்லலை?" என்றேன்.

"நீதானே என்கிட்ட சொன்னே" என்றார்.

ஒன்பது வருடம் ஒரே மேசையில் அவருக்கு எதிரில் உட்கார்ந்து, தோற்றதற்குச் சமாதானம் சொல்லாத மனிதர் என்று மனதுக்குள் குறைப்பட்டுக்கொண்டிருந்தேன். அவர் ஒரு நாள்கூட அதைத் திருத்தவில்லை. உன்னையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். உங்கள் இருவரையும் பற்றி எனக்கு இருந்த கணக்கு முழுக்கத் தப்பு. இதை நான் இரண்டாம் தடவை எழுத மாட்டேன், பத்திரமாக வைத்துக்கொள்.

அந்தத் தாள் திருத்தத்துக்கு என் மேசைக்கே வந்தது. உலகத்துக்கே தெரிந்த வளைவு, இனி சதுப்பு என்று போட்டு என்ன பயன். பிளேடைப் படுக்கவைத்து சதுப்பைக் காட்டும் முப்பத்தொரு புல் குறிகளையும் ஒவ்வொன்றாகச் சுரண்டினேன். யாரிடமும் கொடுக்கவில்லை. கண் கொஞ்சம் தொந்தரவு செய்தது.

படைக் கல்லூரியிலிருந்து ஆள் வந்தார்கள். இந்த வருடப் பயிற்சிக்கு மறுபடியும் சிவப்புக்கு இவர் வர வேண்டுமாம். ஒரு நிபந்தனை போட்டார். பாலங்களுக்கு நடுவராகத் தன் மச்சினன்தான் வேண்டும் என்றார். ஒத்துக்கொண்டார்கள். நான் தாள்களோடு சுவரோரம்தான் நிற்பேன், உன் இடது காது தெரியும் பக்கமாக.

ஞாயிற்றுக்கிழமை வா. வாசல் பழைய வாசல்தான், மிதிக்கலாம். பையன் தன் மாமாவுக்கு அந்த நாற்பத்தாறையும் நடந்து காட்ட வேண்டும் என்கிறான். கூடத்தில் நாற்காலிகளை இப்போதே ஒதுக்கிவிட்டான்.

இன்னொரு விஷயம். நேற்று மாலை நான் நறுக்கிக்கொண்டிருந்தபோது இவர் வேறொரு தாளை விரித்துக்கொண்டு எதிரில் வந்து உட்கார்ந்தார். வெகு நேரம் பூதக்கண்ணாடியை நகர்த்திக்கொண்டே இருந்தார். பிறகு, ஏதோ நினைவு வந்தவர்போல, "இங்க பாறைன்னு போட்டிருக்கியே, நிஜமாவே பாறையா?" என்றார்.

இந்த முறை கத்தியைக் கீழே வைத்துவிட்டுத்தான் பதில் சொன்னேன். என்ன சொன்னேன் என்று தபாலில் எழுத எனக்கு அனுமதி இல்லை. உனக்கும் இல்லை. ஜனவரி அட்டையில் மட்டும் இனி இரண்டு பேர் பெயரையும் எழுது.

அக்கா